பைரனும் ஒரு ஃபிர்மானும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில், ஏதென்ஸின் பழங்கோயிலான பார்த்தினனின் சிற்பங்களைப் பற்றி வெளிவந்த கட்டுரை, வில்லியம் செயின்ட் கிளேரை, அச்சிற்பங்களை பிரிட்டனுக்குக் கொண்டுசென்ற எல்கின் பிரபுவைக் குறித்து 1967இல் நூல் எழுதியவர் என்று ஒரே வரியில் கடந்துவிட்டது. ஆங்கிலக் கவிஞர்களான ஷெல்லி, பைரன் பற்றி அவர் எழுதியவையும் உதுமானியத் துருக்கியர் ஆண்ட கால கிரேக்கம் பற்றி எழுதியவையும் ஒரே தேடலின் பகுதிகள் என்பது என் கருத்து.

பிரிட்டிஷ் கருவூலத்தில் பல்லாண்டு அதிகாரியாக இருந்த அவர், கோப்பு பார்க்கும் கண்ணோடுதான் கவிதையையும் பார்த்தார். ரொமாண்டிக் காலத்து வாசிப்பைப் பற்றிய 2004ஆம் ஆண்டுப் பெருநூலில், எத்தனை படிகள் அச்சாயின, என்ன விலை, யார் கைக்குப் போயின என்றே கேட்டுக்கொண்டு போகிறார். பைரனின் ‘தி கோர்சேர்’ 1814இல் வெளியான அன்றே 10,000 படிகள் விற்றது. ஷெல்லி (பாரதி ‘ஷெல்லிதாசன்’ ஆனது இவரால்தான்) 1813இல் 250 படிகள் மட்டும் அச்சிட்ட ‘குவீன் மாப்’, நாத்திக நூலென்பதால் சட்டப் பாதுகாப்பின்றி 1821 முதல் திருட்டுப் பதிப்புகளாகப் பெருகி உழைப்பாளர்களைச் சென்றடைந்தது.

எல்கினுக்கு 1801இல் கிடைத்ததாகச் சொல்லப்படும் ஃபிர்மானையும் (சுல்தானின் ஆணை) செயின்ட் கிளேர் இப்படித்தான் அணுகினார். துருக்கி மொழி மூலப்பிரதி கிடைக்காத நிலையில், எல்கினின் பாதிரியார் ஹன்ட்டின் தாள்களில் இருந்த இத்தாலிய மொழிபெயர்ப்பைக் கண்டெடுத்து வெளிக்கொணர்ந்தவர் அவரே. அது சுல்தானின் ஆணையன்று, ஓர் உயரதிகாரியின் கடிதம். கட்டடத்திலிருந்து சிற்பங்களை அறுத்தெடுக்க அதில் தெளிவான அனுமதி இல்லை.

ஆயினும் நான் பெரிதும் மதிப்பது, துருக்கியருக்கு எதிரான கிரேக்க விடுதலைப் போருக்குச் சென்ற ஐரோப்பியத் தொண்டர்களைப் பற்றிய 1972ஆம் ஆண்டு நூலைத்தான். பைரனின் கனவு வரியொன்றைத் தலைப்பாகக் கொண்ட அந்நூல், கிரேக்கத்தில் வாழ்ந்த துருக்கியர் 1821இல் எவரும் அழாமலேயே மறைந்துபோனதைச் சொல்லித் தொடங்குகிறது. நாம் எல்லோரும் கிரேக்கரே என்று ஷெல்லி தம் ‘ஹெல்லாஸ்’ நாடக முன்னுரையில் எழுதிய அதே இலையுதிர்காலத்தில்தான் திரிப்போலிட்சா நகரம் கிரேக்கப் படையிடம் வீழ்ந்து, அங்கிருந்த துருக்கியரும் யூதரும் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்டனர். மறு ஆண்டு கியோஸ் தீவில் உதுமானியப் படை நிகழ்த்திய படுகொலைக்குக் கொதித்த ஐரோப்பா, முந்தையதை அவ்வாறு கண்டுகொள்ளவில்லை. துருக்கியர் தரப்பைப் பெரும்பாலும் ஐரோப்பியரின் குறிப்புகள் வழியாகவே காட்டுவது இந்நூலின் குறை.

இந்நூலும், 2021இல் அவர் மறைந்தபின் வெளிவந்த பார்த்தினன் நூலும் இணையத்தில் கட்டணமின்றிக் கிடைக்கின்றன. தங்கள் இதழில் இவற்றைப் பற்றித் தனிக் கட்டுரை ஒன்றை வெளியிட வேண்டுகிறேன்.

தங்கள் வாசகர்,
தஞ்சாவூர்