குரலுக்கு நேரம் கொடுங்கள்: டிரான்ஸ் இசை நிறுவனங்களுக்கு ஒரு திறந்த மடல்

வோக்கல் டிரான்ஸ் (பாடகரின் குரலோடு வரும் மின்னணு நடன இசை) சிங்கிள்களை, அதாவது தனிப்பாடல் வெளியீடுகளை, வெளியிடும் பதிவு நிறுவனத்தாருக்கு,

வணக்கம். வெள்ளிக்கிழமை தோறும் உங்கள் புதிய வெளியீடுகளை ஆவலோடு தேடிப் பிடித்துக் கேட்கும் ரசிகர்களில் ஒருவன் நான். உங்களிடம் ஒன்றே ஒன்றைக் கேட்கத்தான் எழுதுகிறேன். ஒரு பாடல் வெளியாகும் நாளிலேயே அதன் முழு நீள வடிவமும் எல்லோருக்கும் கிடைக்கும்படி செய்யுங்கள். மூன்று நிமிடத் துண்டை மட்டும் கொடுத்துவிட்டு, இரண்டு வாரம் கழித்து ‘வரவேற்பு இல்லை’ என்று அந்தப் பாடலைக் கைகழுவிவிடாதீர்கள்.

அண்மைக்காலச் சிங்கிள்கள் பலவற்றில் எடுத்த எடுப்பிலேயே குரல் வந்துவிடுகிறது. காரணம் தெரியாமல் பேசவில்லை. ஸ்பாட்டிஃபையில் முப்பது நொடி ஓடினால்தான் அது ஒரு கேட்பாகக் கணக்கில் ஏறும். நிமிடத்துக்கு 138 துடிப்பு வேகத்தில் ஓடும் பாடலில், குரலுக்கு முன்பு வரும் 32 பார் (ஒரு பாருக்கு நான்கு துடிப்பு) நீளத் தாள முகப்பு முடியவே ஏறக்குறைய 56 நொடி பிடிக்கும். முப்பது நொடிக்குள் கேட்பவர் அடுத்த பாடலுக்குத் தாவிவிட்டால் உங்களுக்கு ஒன்றும் இல்லை. எட்டு நிமிடம் பொறுமையாகக் கேட்டாலும் அது ஒரே ஒரு கேட்புதான். போதாக்குறைக்கு, முந்தைய 12 மாதங்களில் ஆயிரம் கேட்புகளைத் தொடாத பாடல்களுக்கு 2024 முதல் அங்கே பதிவுரிமைத் தொகையே கிடையாது. இந்த நெருக்கடியில் ஒரு சிறிய நிறுவனம் முகப்பைக் குறைத்தால் அதை நான் குற்றம் சொல்ல மாட்டேன். ஆனால் கத்தரி முகப்போடு நின்றுவிடுவதில்லையே!

அடுத்து வெட்டுப்படுவது பிரேக்டவுன், அதாவது தாளம் ஓய்ந்து குரல் தனித்து ஒலிக்கும் பகுதி. வோக்கல் டிரான்ஸ் பாடலின் உயிர் இருக்கும் இடம் அது. முதலில் கிக் எனும் அடித்தாள முழக்கம் நின்றுபோகிறது. பேஸ் எனும் கீழ்ச்சுருதி ஒலி விலகுகிறது. அடியில் பேட் எனும் நீண்டொலிக்கும் பின்னணி ஒலி மட்டும் பரவிக் கிடக்க, பாடுபவர் மூச்சை உள்ளிழுப்பது காதில் விழுகிறது. தாளம் ஓடிக்கொண்டிருந்தபோது அந்த மூச்சு நமக்குக் கேட்கவே இல்லை. ஒரு சொல்லின் முடிவில் குரல் லேசாக உடைவதும், ஒரு வரியின் எதிரொலி தேய்ந்து முடிவதற்குள் அடுத்த வரி தொடங்குவதும் அங்கேதான் தெளிவாகத் தெரியும். பிறகு ஆர்பெஜியோ (ஒன்றன்பின் ஒன்றாக ஒலிக்கும் சுரங்கள்) மெல்லத் தலைதூக்குகிறது, ஒலியை மங்கவைத்திருந்த ஃபில்டர் திறக்கத் திறக்க ஒலி பிரகாசமாகிறது, ஸ்னேர் மேளத்தின் உருட்டல் நெருங்கி நெருங்கி வந்து தாளம் மீண்டும் இறங்குகிறது. அந்தத் தாளத்துக்காக உடம்பு ஏங்கியிருந்தால்தான் அது திரும்பி வரும்போது சிலிர்க்கும். பதினைந்து நொடியில் முடிந்துவிடும் பிரேக்டவுனில் ஏங்க ஏது நேரம்?

பாடகரின் பக்கம் நின்று பார்த்தால் இழப்பு இன்னும் பெரிது. பாடலில் அவர் தனித்து நிற்கும் ஒரே இடத்தைத்தான் நீங்கள் எடுத்துவிடுகிறீர்கள். எஞ்சுவது திரும்பத் திரும்ப ஒலிக்கும் இரண்டு வரிப் பல்லவி மட்டுமே. அவர் எழுதிப் பாடிய இரண்டாவது சரணம் யார் காதிலும் விழாமலே போகிறது.

பழைய கதை ஒன்றை நினைவூட்ட வேண்டும், உங்களில் பலருக்குத் தெரிந்ததுதான் என்றாலும். கனடாவின் டெலீரியம் குழுவும் பாடகி சாரா மெக்லாக்லனும் சேர்ந்து உருவாக்கிய ‘சைலன்ஸ்’, 1997இல் ஓர் ஆல்பத்தின் பாடல்களில் ஒன்றாக வந்தது. நிதானமான, இருள் கவிந்த பாடல் அது. நடன அரங்கை மனத்தில் வைத்துச் செய்ததாகத் தோன்றாது. 1999இல் சிங்கிளானது. டிஜே டியஸ்டோவின் ரீமிக்ஸ் (மறு ஆக்கம்) ஊரெங்கும் ஒலித்த 2000ஆம் ஆண்டில்தான் அது பிரித்தானியச் சிங்கிள் தரவரிசைப் பட்டியலில் மூன்றாம் இடத்தைப் பிடித்தது. அந்த ரீமிக்ஸின் முழு வடிவம் பதினொரு நிமிடத்தைத் தாண்டும். அன்றைய நிறுவனம் முதல் இரண்டு வாரக் கணக்கைப் பார்த்துக் கடையைக் கட்டியிருந்தால், கால் நூற்றாண்டுக்குப் பிறகும் ரசிகர்கள் பேசும் அந்தப் பாடல் ஓர் ஆல்பத்தின் மூலையிலேயே கிடந்திருக்கும்.

இது விதிவிலக்கு என்று நீங்கள் சொல்லக்கூடும். ஜெஸ்ஸின் குரலில் மோட்டார்சைக்கிள் குழு தந்த ‘ஆஸ் தி ரஷ் கம்ஸ்’ 2003இல் வெளியானது. பிரித்தானியப் பட்டியலில் அது பதினொன்றாம் இடத்துக்கு வந்தது 2004இல். டிரான்ஸ் பாடல் பரவும் விதமே இதுதான். ஒரு டிஜே அதைத் தன் தொகுப்பில் சேர்ப்பார். அதைக் கேட்ட இன்னொருவர் ரீமிக்ஸ் செய்வார். ஒரு கோடைக்காலம் முழுவதும் திருவிழா மேடைகளில் ஒலித்த பிறகு, இந்தக் குரல் யாருடையது என்று ரசிகர்கள் தேடத் தொடங்குவார்கள். இந்தச் சங்கிலியின் முதல் கண்ணியே முழு நீள வடிவம்தான். முகப்பிலும் முடிவிலும் வெறும் தாளம் இருந்தால்தானே ஒரு டிஜே இரண்டு பாடல்களை உரசலின்றி இணைக்க முடியும்?

வானொலிக்கான குறும்பதிப்பு அன்றும் இருந்தது, மறுக்கவில்லை. அதற்குரிய இடமும் உண்டு. ஆனால் அன்று குறுந்தட்டு வாங்கியவருக்குப் பெரும்பாலும் அதே தட்டில் நீண்ட வடிவமும் ரீமிக்ஸ்களும் சேர்ந்தே கிடைத்தன. பன்னிரண்டு அங்குல இசைத்தட்டு இருந்ததே அந்த நீளத்துக்காகத்தான். இன்று இடத்துக்கோ தட்டு அச்சிடும் செலவுக்கோ பஞ்சமில்லாத காலத்தில், முழு வடிவத்தை டிஜேக்கள் வாங்கும் கடைகளில் மட்டும் வைப்பதும், மற்றவர்களுக்கு வாரக்கணக்கில் தள்ளிப்போடுவதும் எந்த விதத்தில் நியாயம்? அது வந்து சேரும்போது பேச்சு ஓய்ந்துபோயிருக்கும். கேட்புகளும் இரண்டு பதிவுகளுக்கும் பிரிந்துபோகும்.

பெயர் விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். 2001இல் ‘ராப்ச்சர்’ பிரித்தானியப் பட்டியலில் இரண்டாம் இடம் வரை போனது. ஐஓ என்ற குழுவின் பெயரில் வந்த அந்தப் பாடலின் வரிகளை எழுதிப் பாடியவர் நாடியா அலி. பாடலைத் தெரிந்த எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்? தயாரிப்பாளரின் பெயருக்குப் பக்கத்திலேயே, அதே வரியில் பாடகரின் பெயரையும் போடுங்கள். வரிகளை எழுதியவர் அவரே என்றால் அதையும் குறிப்பிடுங்கள். இதற்கு உங்களுக்குக் காசு செலவில்லை.

ஆகவே அடுத்த வோக்கல் சிங்கிளுக்குக் குறும்பதிப்பையும் முழு வடிவத்தையும் ஒரே வெள்ளிக்கிழமை ஏற்றுங்கள். குரலில்லாத டப் வடிவம் கையில் இருந்தால் அதையும் சேர்த்துவிடுங்கள். டிஜேக்கள் அதற்கு ஒரு பயனைக் கண்டுபிடித்துக்கொள்வார்கள். ஆறு மாதம் கழித்து நல்ல ரீமிக்ஸ் ஒன்று கிடைத்தால் பாடலை மறுபடியும் வெளியே கொண்டுவாருங்கள். அதுவரை, முதல் இரண்டு வாரக் கணக்கை மட்டும் காட்டி, பாடியவரிடம் ‘அடுத்த பாடல் வேண்டாம்’ என்று சொல்லிவிடாதீர்கள்.

இப்படிக்கு,
முழு வடிவத்துக்காகக் காத்திருக்கும் ஒரு ரசிகன்