குடியிருப்போர் நலச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை, 2024-25

தலைவர், பொருளாளர், செயற்குழுவினர், உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

இந்த ஆண்டு செயற்குழு ஆறு முறை கூடியது. சுதந்திர தினத்தன்று கொடியேற்றி மிட்டாய் வழங்கினோம். கண் பரிசோதனை முகாம் ஒன்று நடந்தது. மூன்றாவது குறுக்குத் தெருவில் இரண்டு விளக்குகள் மாற்றப்பட்டன. தெருநாய்கள் பற்றி மனு கொடுத்திருக்கிறோம்.

ரிசர்வ் சைட், அதாவது பொதுவுக்கென ஒதுக்கிய காலியிடம், அதன் வேலியைப் பற்றி மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். எதற்கு இந்த வேண்டாத வேலை என்று என்னிடமே கேட்டவர்கள் உண்டு.

இடிபாடு கொட்டும் லாரிகளைத் தடுக்க மேற்கு ஓரத்தில் உயிர்வேலி போடுவதென்று சென்ற பொதுக்குழுவில் முடிவானது. பலர் கோனோகார்பஸ் கேட்டார்கள். அது சீக்கிரம் வளரும், சரிதான். ஆனால் அது நம் மண்ணின் செடி அல்ல. குஜராத் அரசு 2023-லேயே அதை நடத் தடை போட்டுவிட்டது. அதனால் ஆவாரை நடலாம் என்றேன். அது நம்முடையது, கல்லாங்காட்டிலும் பூக்கும். தெலங்கானாவில் அதுதான் மாநிலப் பூ. நாமும் போகியன்று காப்புக் கட்ட வேப்பிலை, பூளைப்பூவோடு அதைத்தான் தேடுகிறோம். முன்பெல்லாம் இதே சைட்டில் ஒடித்து வந்தோம். இப்போது கோயம்புத்தூர் பூ மார்க்கெட்டில் கட்டுக் கட்டாகக் காசு கொடுத்து வாங்குகிறோம். எனக்கு அது மனசு ஒப்பவில்லை.

முதலில் ஒரு நர்சரியில் ஆவாரை என்று சொல்லி 50 நாற்று கொடுத்தார்கள். கொண்டுவந்து பார்த்தால் இலை ஓரமெல்லாம் ரம்பப் பல், பூ புனல் மாதிரி. ஆவாரம்பூவுக்கு ஐந்து இதழும் தனித்தனியாக இருக்கும். இலைக்காம்பின் அடியில் காது மடல் போல ஒரு செதில் இருக்கும். அத்தனையையும் திருப்பிக் கொடுத்துவிட்டு, சைட் மூலையில் தப்பிப் பிழைத்திருந்த இரண்டு பழைய செடிகளிலிருந்து காய்ந்த காய்களைப் பறித்தேன். அப்படியே விதைத்ததில் நூற்றுக்குப் பத்து கூட முளைக்கவில்லை. விதைத்தோல் அவ்வளவு கெட்டி. அப்புறம் கொதிக்கவைத்து இறக்கிய வெந்நீரில் போட்டு ஓர் இரவு ஊறவிட்டு, உப்பிய விதைகளை மட்டும் பையில் ஊன்றினேன். 160 நாற்று தேறியது.

அந்தப் பழைய செடிகளில் ஒரு நாள் காலையில் கருவண்டு வேலை செய்வதை நின்று பார்த்தேன். ஆவாரம்பூவில் தேன் கிடையாது, மகரந்தம்தான். வண்டு பூவைக் கட்டிப் பிடித்துக்கொண்டு உடம்பை அதிரவைக்கிறது. அந்த அதிர்வில் மகரந்தப் பையின் நுனித் துளை வழியாகத் தூள் கொட்டி, அதன் வயிறெல்லாம் மஞ்சளாகிறது. குழந்தைகளை ஒரு நாள் அங்கே அழைத்துப்போய்க் காட்ட வேண்டும்.

புரட்டாசிக் கடைசி ஞாயிறு நட்டோம். வாட்ஸ்அப் குழுவில் 31 பேர் வருவதாகக் கட்டைவிரல் காட்டியிருந்தார்கள். வந்தவர்கள் ஐந்து பேர், அதில் இரண்டு பேர் வாடகைக்குக் குடியிருப்பவர்கள். மதியம் இரண்டு மணி வரை குழி தோண்டினோம்.

மார்கழியில் குழாய் பதிக்க வந்த பொக்லைன் 40 செடிகளை மட்டமாக்கிவிட்டுப் போனது. முன்கூட்டி ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் கயிறு கட்டி அடையாளம் வைத்திருப்போம். அன்று நான் மனம் விட்டுப்போனேன். திண்டுக்கல்லில் தோல் ஷாப்பில் வேலை பார்த்த மூத்த உறுப்பினர் ஒருவர்தான், "வேர் இருக்குதுல்ல, விடுங்க" என்றார். அந்தக் காலத்தில் தோல் பதனிட ஆவாரம்பட்டைதான் என்றும், செடியை அடியோடு வெட்டிப் பட்டை உரித்தாலும் கட்டை மறுபடி தழைக்கும் என்றும் சொன்னார். பங்குனிக்குள் 27 செடிகள் துளிர்த்துவிட்டன.

ஒன்றைத் திருத்திக்கொள்கிறேன். ஆவாரை அவரைக் குடும்பம், அதனால் வேரிலேயே மண்ணுக்குத் தழைச்சத்து சேர்க்கும் என்று சென்ற கூட்டத்தில் சொன்னேன். பிடுங்கி எறியப்பட்ட செடிகளைக் கழுவிப் பார்த்தபோது, தழைச்சத்தைச் சேர்க்கும் முடிச்சே வேரில் இல்லை. ஆவாரைக்கு அது வராதாம். ஆனால் தழையை ஒடித்து வயலில் மிதித்து உரமாக்குவது நம் வழக்கம்தான்.

வரவும் செலவும் ஏறத்தாழச் சரியாக இருக்கின்றன, விவரத்தைப் பொருளாளர் படிப்பார். நாற்றுப்பை, செம்மண், தொழு உரம், இரண்டு நடை தண்ணீர் லாரி சங்கச் செலவு. மற்றதை நானே பார்த்துக்கொண்டேன். 84 வீடுகளில் 37 வீடுகளின் சந்தா நிலுவையில் இருக்கிறது, சிலருடையது மூன்று ஆண்டாக. மாதம் 100 ரூபாய்தான். நான்கு முறை வீடு தேடி வந்தேன். கதவு திறந்தவர்கள் அடுத்த வாரம் என்றார்கள்.

ஒத்துழைத்த தலைவர், பொருளாளர், மாமன்ற உறுப்பினர், தூய்மைப் பணியாளர்கள் அனைவருக்கும் நன்றி.

இரண்டு ஆண்டு இந்தப் பொறுப்பில் இருந்துவிட்டேன். முழங்கால் முன்போல் இல்லை. வேறு யாராவது முன்வந்தால் மனதார ஒப்படைக்கிறேன். வராவிட்டாலும் செடிகள் வாட விடமாட்டேன். வேர் பிடிக்கும் வரை இந்தச் சித்திரை, வைகாசிக்கு மட்டும் செடிக்கு வாரம் இரண்டு குடம் போதும். தெருவுக்கு ஒரு நாள் என்று பிரித்துக்கொண்டால் யாருக்கும் சிரமம் இருக்காது. குழாய்ச் சாவி என் வீட்டில் இருக்கிறது, காலை ஆறு மணிக்கு மேல் எப்போது வந்தாலும் வாங்கிக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
செயலாளர்