செம்பு விலையும் கடன் பத்திரமும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மூலப்பொருள்களை ஏற்றுமதி செய்து வாழும் நாடுகள், உலகச் சந்தையில் விலை விழும்போது எப்படி நிலைகுலைகின்றன என்பது பற்றித் தங்கள் இதழில் சென்ற வாரம் வெளியான கட்டுரையைப் படித்தேன். விலைகள் எவ்வளவு வேகமாக ஏறி இறங்கக்கூடியவை என்பதைக் கட்டுரையாளர் நன்றாகவே விளக்கியிருக்கிறார். 2008 ஜூலையில் பீப்பாய்க்கு 147 டாலரைத் தொட்ட கச்சா எண்ணெய், அந்த ஆண்டு முடிவதற்குள் 40 டாலருக்கும் கீழே போனதை மறக்காதவர்களுக்கு அதில் வியப்பு இருக்காது. ஆனால் விலைச் சரிவுதான் இந்நாடுகளை வீழ்த்துகிறது என்று அவர் முடித்திருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. விலை உச்சத்தில் இருக்கும் ஆண்டுகளில் கையெழுத்தாகும் கடன்களே பெரும்பாலும் பிற்காலத்து நெருக்கடிக்கு வித்திடுகின்றன என்பது என் கருத்து.

கட்டுரையில் ஒரே வரியில் கடந்து செல்லப்பட்ட ஜாம்பியாவையே எடுத்துக்கொள்வோம். ஏற்றுமதி வருவாயில் பெரும்பகுதியைச் செம்பிலிருந்து பெறும் நாடு அது. 1974இல் உச்சத்தைத் தொட்ட செம்பு விலை அடுத்த ஆண்டே சரிந்தபோது, இது தற்காலிகச் சரிவு, விரைவில் மீண்டுவிடும் என்று நம்பி, செலவைக் குறைக்காமல் அரசு கடன் வாங்கிக் காலம் தள்ளியது. விலை மீளவில்லை. அந்தக் கடன் வளர்ந்து வளர்ந்து, கடைசியில் 2005, 2006ஆம் ஆண்டுகளில் கடன் கொடுத்த நாடுகளும் பன்னாட்டு நிறுவனங்களும் அதில் மிகப் பெரும்பகுதியைத் தள்ளுபடி செய்ய வேண்டியதாயிற்று. முப்பது ஆண்டு காலச் சுமை இறங்கியபோது, சீனாவின் தேவையால் செம்பு விலையும் ஏறிக்கொண்டிருந்தது. ஒரு நாட்டுக்கு இதைவிட நல்ல தொடக்கம் வாய்ப்பது அரிது.

அதன் பிறகு நடந்ததைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். 2011 பிப்ரவரியில் செம்பு ஒரு டன் 10,000 டாலரைத் தாண்டியது. 2012 செப்டம்பரில் ஜாம்பியா தன் முதல் டாலர் கடன் பத்திரத்தை வெளியிட்டு, பத்தாண்டுத் தவணையில் 75 கோடி டாலர் திரட்டியது, முதலீட்டாளர்களுக்கு வருவாய் 5.625 சதவீதம். முதலீட்டாளர்கள் கொடுக்க முன்வந்த தொகையோ கேட்டதைப் போல் பதினைந்து மடங்கு. அந்தச் சமயத்தில் ஸ்பெயின் அரசுக்கே ஏறத்தாழ இதே வட்டியில்தான் கடன் கிடைத்துக்கொண்டிருந்தது என்பதால், இந்த வெளியீடு பெரிய சாதனையாகப் பேசப்பட்டது. 2014இல் மேலும் 100 கோடி டாலர். 2015இல், செம்பு விலை இறங்கத் தொடங்கிவிட்ட பிறகு, மேலும் 125 கோடி டாலர். மூன்றாவது பத்திரத்துக்கு முதலீட்டாளர்கள் கேட்ட வருவாய் 9 சதவீதத்தையும் தாண்டியிருந்தது. இவை போதாதென்று, சாலைகளுக்கும் மின் திட்டங்களுக்கும் சீன வங்கிகளிடம் வாங்கிய கடன் தனி. 2016 ஜனவரியில் செம்பு 4,500 டாலருக்கும் கீழே வந்தபோது, நாட்டின் நாணயமான குவாச்சா அதற்கு முந்தைய ஓராண்டிலேயே டாலருக்கு எதிராகத் தன் மதிப்பில் ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கை இழந்திருந்தது. வரியைக் குவாச்சாவில் வசூலித்து வட்டியை டாலரில் கட்டும் அரசுக்கு இதன் பொருள் என்ன என்பதைச் சொல்லத் தேவையில்லை.

2020 அக்டோபரில் 2014ஆம் ஆண்டுப் பத்திரத்துக்கான அரையாண்டு வட்டி 4 கோடியே 25 லட்சம் டாலரை அந்நாட்டால் கட்ட முடியவில்லை. சலுகைக் காலம் முடிந்த நவம்பரில் அது கடன் தவறிய நாடானது. பெருந்தொற்றுக் காலம் என்பது உண்மைதான். ஆனால் கட்டுரையாளரின் வாதத்துக்குப் பொருந்தாத ஒன்று இங்கே இருக்கிறது. அந்த நவம்பரில் செம்பு விலை விழுந்துகொண்டிருக்கவில்லை, ஏறிக்கொண்டிருந்தது. அடுத்த ஆறு மாதங்களில், 2021 மே மாதத்தில், அது மீண்டும் 10,000 டாலரைக் கடந்தது. விலைச் சரிவு மட்டுமே காரணம் என்றால், ஏறுமுகத்தில் இருந்த விலை ஏன் அந்நாட்டைக் காப்பாற்றவில்லை?

இதற்கான விடை எளிது என்றுதான் நினைக்கிறேன். விலை ஏறும்போது நாட்டின் வருவாய் மட்டுமல்ல, கடன் வாங்கும் தகுதியும் சேர்ந்தே ஏறுகிறது. மண்ணுக்கடியில் உள்ள செம்பின் மதிப்பை அன்றைய விலையில் கணக்கிட்டே கடன் கொடுக்கிறார்கள். ஆகவே மழை கொட்டும் காலத்தில் தண்ணீரும் கடனாகக் கிடைக்கிறது. வறட்சியில் இரண்டும் ஒன்றாக வற்றிவிடுகின்றன. பல ஆண்டுகள் கரும்பலகையில் விலைக் கோட்டை வரைந்து பாடம் நடத்தியவன் நான். அதன் பக்கத்தில் கடன் கோட்டையும் வரைந்து காட்டியிருக்க வேண்டும் என்பது எனக்கே வெகு தாமதமாகத்தான் உறைத்தது.

ஏற்றக் காலம் செய்யும் இன்னொரு சேதத்தைக் கட்டுரை தொடவே இல்லை. 1959இல் குரோனிங்கனில் பெரும் இயற்கை எரிவாயு வயல் கண்டறியப்பட்ட பின் நெதர்லாந்தின் தொழிற்சாலைகள் நலிந்ததைக் கொண்டு, 1977இல் அதற்கு ‘டச்சு நோய்’ என்று பெயரிட்டார்கள். எரிவாயுவோ எண்ணெயோ கொண்டுவரும் டாலர் வெள்ளத்தில் உள்நாட்டு நாணயத்தின் மதிப்பு உயர்கிறது, அல்லது உள்நாட்டில் கூலியும் வாடகையும் ஏறுகின்றன. வேறு பொருளை ஏற்றுமதி செய்பவருக்கு வெளிநாட்டில் கிடைக்கும் டாலர் முன்போலவே இருக்க, அதை மாற்றினால் கையில் வரும் பணமும் அந்தப் பணத்தின் வாங்கும் திறனும் குறைந்துவிடுகின்றன. நைஜீரியாவின் கானோ நகரில் ஒரு காலத்தில் ஏற்றுமதிக்குக் காத்திருந்த நிலக்கடலை மூட்டைகளைப் பிரமிடு பிரமிடாக அடுக்கி வைத்திருப்பார்கள். அந்தப் படம் அந்நாட்டுத் தபால் தலையில்கூட வந்திருக்கிறது. எழுபதுகளின் எண்ணெய்ச் செழிப்புக்கு இடையே அந்தப் பிரமிடுகள் மறைந்துபோயின. வறட்சிக்கும் பயிர் நோய்க்கும் அதில் பங்குண்டு. ஆனால் வேளாண்மையை மீட்டெடுக்கும் அவசரம் எண்ணெய்ப் பணம் பாய்ந்துகொண்டிருந்த அரசுக்கு இருக்கவில்லை. எண்ணெய் விலை எண்பதுகளில் சரிந்தபோது, விட்டுவந்த நிலக்கடலைக்குத் திரும்பிப் போக வழியில்லாமல் போயிற்று.

விலை ஏறினாலே ஏற்றுமதியாளருக்கு ஆதாயம் என்று கட்டுரையாளர் எடுத்துக்கொண்டதும் முழுச் சரியல்ல. 2024 டிசம்பரில் கோகோ டன்னுக்கு 12,000 டாலரைத் தாண்டியபோது, அந்த விலையேற்றத்துக்குக் காரணமே கானாவிலும் ஐவரி கோஸ்ட்டிலும் விளைச்சல் குறைந்ததுதான். இரு நாடுகளும் விளைச்சலில் பெரும்பகுதியை முன்கூட்டியே பழைய விலையில் விற்றுவிடும் வழக்கமுடையவை. எனவே செய்தித்தாளில் வந்த விலை அங்குள்ள விவசாயியின் கைக்கு வந்த விலையல்ல.

தீர்வாக, எண்ணெய் வருவாயைத் தனி நிதியில் சேர்த்து அயல்நாடுகளில் முதலீடு செய்யும் நார்வேயைப் பின்பற்றச் சொல்லியிருப்பதைப் படித்தபோது, மன்னிக்கவும், சற்றுச் சலிப்பாகவே இருந்தது. 1969இல் எண்ணெய் கிடைப்பதற்கு முன்பே செல்வமும் கப்பல் தொழிலும் நேர்மையான நிர்வாகமும் கொண்டிருந்த, மக்கள்தொகை குறைந்த ஒரு நாடு அது; சேமிப்பு நிதிக்கான சட்டத்தை அதுவே 1990இல்தான் இயற்றியது. பள்ளிக்கூடமும் மருத்துவமனையும் போதாத ஒரு நாட்டிடம், கிடைத்த பணத்தை எல்லாம் அயல்நாட்டுப் பங்குகளில் போட்டுவை என்பது நியாயமான அறிவுரையாகாது. செலவு செய்யட்டும், உச்ச விலையை நிரந்தரமென்று கொண்டு அதற்கு மேலும் கடன் வாங்காமல் இருந்தாலே பெரிய காரியம்.

அதற்குச் சிலி பொருத்தமான எடுத்துக்காட்டு. 2001 முதல் அந்நாடு தன் வரவு செலவுத் திட்டத்தை அன்றைய செம்பு விலையை வைத்து எழுதுவதில்லை. அரசுக்கு வெளியே உள்ள வல்லுநர் குழு வரும் பத்தாண்டுகளுக்கு மதிப்பிடும் சராசரி விலையே செலவின் அளவைத் தீர்மானிக்கிறது. அதற்கு மேல் வரும் பணம் தனியே சேர்கிறது. இதைக் கடைப்பிடிப்பது எளிதாக இருந்துவிடவில்லை. செம்பு கொழித்த ஆண்டுகளில் பெட்டியைப் பூட்டி வைத்திருந்த நிதியமைச்சர் ஆந்திரேஸ் வெலாஸ்கோவின் உருவ பொம்மையை, 2008இல் ஊதிய உயர்வு கேட்டுப் போராடிய அரசு ஊழியர்கள் தெருவில் எரித்தார்கள். இரண்டு மாதங்களில், உலக நெருக்கடி முற்றியபோது, அதே அமைச்சர் சேமிப்பிலிருந்து எடுத்து 400 கோடி டாலர் அளவுக்கு ஊக்கத் திட்டம் அறிவிக்க முடிந்தது. எரித்த வேகத்திலேயே மக்கள் அவரைப் பாராட்டவும் செய்தார்கள். விலை உச்சத்தில் இருக்கும்போது அடுத்த தேர்தலை எதிர்நோக்கும் அமைச்சர்களில் எத்தனை பேருக்கு அந்தப் பொம்மை எரிவதைப் பார்த்துக்கொண்டிருக்கும் பொறுமை இருக்கும் என்பது எனக்கு ஐயமே.

தங்களிடம் எனக்கு ஒரு வேண்டுகோள் உண்டு. இத்தகைய கட்டுரைகளை வெளியிடும்போது விலையின் வரைபடத்தை மட்டும் அச்சிடுகிறீர்கள். அதே ஆண்டுகளில் அந்த நாடு அந்நியச் செலாவணியில் வாங்கிய கடனையும் அந்தப் படத்திலேயே இன்னொரு கோடாகப் போட்டுத் தாருங்கள். ஜாம்பியாவுக்கு 2005 முதல் 2020 வரை அப்படி ஒரு படம் வந்திருந்தால், இந்தக் கடிதத்தை எழுதும் தேவை எனக்கு ஏற்பட்டிருக்காது.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
ஓய்வுபெற்ற பொருளியல் ஆசிரியர்