பால் காய்ச்சியாயிற்று: எங்கள் வீட்டுக்குக் கை கொடுத்த எல்லாருக்கும்

நம் தெருவாருக்கும், திருப்பூரில் இருந்து இதைப் படிக்கப்போகும் சொந்தங்களுக்கும், யாரென்று விசாரிப்பதற்குள் உதவிவிட்டுப் போய்விட்ட சிலருக்கும் வணக்கம்.

தை பிறந்த கையோடு புது வீட்டில் பால் காய்ச்சிவிட்டோம். வந்தவர்களிடம் நின்று நாலு வார்த்தை பேச முடியவில்லை. பந்தியைப் பார்க்கவே நேரம் சரியாகிவிட்டது. அன்றைக்குச் சொல்லாமல் விட்டதை இப்போது எழுதுகிறேன்.

2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் அடித்தபோது எங்கள் கூரை எந்தப் பக்கம் போனது என்றுகூடத் தெரியாது. அப்புறம் கொஞ்ச காலம் தார்ப்பாய், அதற்கப்புறம் கடன் வாங்கிப் போட்ட கீற்று. வேதாரண்யம் பக்கம் தென்னை எல்லாம் வேரோடு சாய்ந்து கிடந்த வருஷத்தில் கீற்று வாங்குவது எப்படி இருந்திருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. “என்ன இருந்தாலும் கூரை வீட்டுக் குளுமை வருமா” என்று இப்போதும் சிலர் கேட்கிறார்கள். அவர்களோடு நான் சண்டைக்குப் போவதில்லை. அந்த ராத்திரி அவர்கள் கூரை வீட்டுக்குள் இருந்ததில்லை, அவ்வளவுதான்.

2024 பட்ஜெட்டில் கலைஞர் கனவு இல்லம் திட்டம் வந்தபோது, குடிசையில் இருப்பவர்களுக்கு 360 சதுர அடியில் வீடு, 3,50,000 ரூபாய் என்றார்கள். ஆனால் மனை நம் பேரில் இருக்க வேண்டும். எங்கள் பட்டாவோ தாத்தா பேரில். முதல் நன்றி அதனால் திருப்பூரில் இருக்கும் பெரியப்பா மகன்கள் இருவருக்கும். பனியன் கம்பெனியில் லீவு போட்டால் சம்பளம் போகும். இரண்டு பேரும் ராத்திரி பஸ் பிடித்து வந்து, கையெழுத்துப் போட்டு, சாப்பிடக்கூட உட்காராமல் அடுத்த பஸ்ஸுக்கு ஓடினார்கள். பங்கைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. “தங்கச்சி, வீட்டைக் கட்டு, பொங்கலுக்கு வர்றோம்” என்றது ஒன்றுதான். அதே மாதிரி வந்தார்கள்.

அரசுப் பணம் பெரிய பணம். அது இல்லாவிட்டால் இந்த வீடு இல்லை, அதில் சந்தேகமே வேண்டாம். ஆனால் ஒவ்வொரு கட்டமாக வேலை முடிந்த பிறகுதான் கணக்கில் ஏறும். கடைக்கால் எழுப்பினால்தான் அடுத்த பணம், கடைக்கால் எழுப்பவே கையில் பணம் வேண்டும். இந்த இடத்தில்தான் பல பேர் வட்டிக்குப் போய் மாட்டிக்கொள்கிறார்கள். நான் மாட்டாததற்குக் காரணம் எங்கள் மாதச் சீட்டில் இருக்கும் அக்கா ஒருவர். குலுக்கலில் அவர் பேர்தான் விழுந்தது. மகளுக்குத் தோடு எடுக்க வைத்திருந்த சீட்டு. “நீ எடுத்துக்க, எனக்கு அடுத்த வருஷம் விழாமலா போயிடும்” என்று விட்டுக்கொடுத்துவிட்டார். அக்கா, பேர் போட வேண்டாம் என்றீர்கள், போடவில்லை. தெருவுக்கே தெரியும், நான் என்ன செய்ய.

கொத்தனார் அண்ணனைப் பற்றித் தனியாக எழுத வேண்டும். நம் போர் தண்ணீர் வாயில் வைக்க முடியாத உப்பு. அவர் முதல் நாளே ஒரு மடக்கு எடுத்து வாயில் வைத்தார், துப்பினார். “இதுல கலவை போட்டா கம்பியை உள்ளுக்குள்ளயே அரிச்சிடும்மா. இப்பத் தெரியாது, பத்து வருஷம் கழிச்சு தளம் வெடிச்சுக் கொட்டும். நல்ல தண்ணி கொண்டுவந்தா நான் கரண்டியத் தொடறேன்” என்று சொல்லிவிட்டுத் திண்ணையில் உட்கார்ந்துவிட்டார். அப்போது எனக்குக் கோபம்தான் வந்தது. அந்தக் கோபத்தைத் தணித்தவர் மாந்தோப்புத் தாத்தா. அவருடைய மணல்மேட்டுக் கிணற்றில் மட்டும் கோடையிலும் இனிப்புத் தண்ணீர். “ஆயில் இன்ஜினுக்கு டீசலை நீ ஊத்திக்க, தண்ணிக்கு என்ன காசு” என்றார். டிராக்டர் டேங்கரில் அடித்து வந்த அந்தத் தண்ணீரில்தான் கடைக்காலில் இருந்து பூச்சு வரைக்கும் நடந்தது.

தளம் போட்ட பிறகு அதன் மேல் சிமெண்டுக் கலவையில் சின்னச் சின்னப் பாத்தியாக வரப்புக் கட்டித் தண்ணீர் நிறுத்துவார்கள். வெயில் ஏற ஏறக் குறையும்; காயவிட்டால் தளத்தில் கீறல் விழும். நான் முல்லைப்பூ பறிக்க விடியுமுன் போய்விடுவேன். எதிர் வீட்டுப் பெரியம்மாவின் பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகுமுன் ஏணியில் ஏறி, குடம் குடமாக ஊற்றி நிரப்பிவிட்டுப் போனார்கள். அதில் கப்பல் விட்டதாகவும் கேள்வி. விட்டுக்கொள்ளட்டும்.

பெரியம்மா வீட்டுக்கு இன்னொரு கடனும் இருக்கிறது. ஐப்பசி மழையில் சிமெண்டு மூட்டை நனைந்தால் கல்லாகிவிடும் என்று, அத்தனை மூட்டையையும் அவர்கள் கூடத்தில் பலகை போட்டு அடுக்கிக்கொண்டார்கள். அந்த வீட்டில் பத்தாம் வகுப்புப் படிக்கிற பிள்ளை ஒன்று இருக்கிறது. ஒவ்வொரு நாள் சாயங்காலமும் புத்தகத்தின் மேல் படிந்த சிமெண்டுத் தூசியை ஊதிவிட்டுப் படிக்க உட்காரும். ஒரு நாள்கூட முகம் சுளித்ததில்லை. பரீட்சைக்குப் போகும்போது ஒரு நல்ல பேனா வாங்கித்தருவதாகச் சொல்லியிருக்கிறேன்.

வாசக்கால் வேம்பு. கஜாவில் விழுந்த மரத்தை அறுத்துப் பரணில் போட்டுவைத்திருந்த கீழத்தெரு மாமா, அறுப்புக் கூலி மட்டும் வாங்கிக்கொண்டு கொடுத்தது. ஆசாரி கையில் அது இரும்பாக இருந்ததாம். இழைப்புளி இரண்டு முறை மழுங்கியது என்று இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

360 சதுர அடியில் 300 கான்கிரீட். மீதி 60 தீப்பிடிக்காத எதுவாகவும் இருக்கலாம். அங்கேதான் அம்மா பிடிவாதம் பிடித்தது. கேஸ் இருந்தாலும் நெல் அவிக்கவும் வெந்நீர் போடவும் விறகடுப்பு வேண்டும், புகை போக ஓடு வேண்டும் என்று. பழைய வீட்டைப் பிரித்து மாடி கட்டிய குடும்பம் சீமை ஓடுகளை ஆட்டோவில் ஏற்றி அனுப்பிவைத்தார்கள். பாசி பிடித்த ஓடுகளை அம்மாவே தேங்காய் நார் வைத்துத் தேய்த்துக் கழுவி வெயிலில் அடுக்கியது. வீட்டிலேயே எனக்குப் பிடித்த இடம் இப்போது அந்த அடுப்படிதான். கான்கிரீட் அறை சித்திரையில் எப்படிக் கொதிக்கும் என்று யோசித்து, கீற்றுப் பந்தல் போட மொட்டைமாடியில் இப்போதே கொக்கி விட்டுவைத்திருக்கிறார் கொத்தனார்.

சாந்து சட்டி தூக்கிய பெண்கள், கம்பி கட்டிய தம்பிகள், கட்டி முடிகிற வரைக்கும் எங்களைத் தன் மாட்டுக்கொட்டகைப் பக்கத்து அறையில் தங்கவைத்த அத்தை, ஆணை நகலையும் வங்கிப் புத்தகத்தையும் எத்தனை தடவை கேட்டாலும் சலிக்காமல் ஜெராக்ஸ் எடுத்துக்கொடுத்த கடைத்தம்பி, உங்கள் எல்லாருக்கும் நன்றி.

வெளிப்பூச்சு இன்னும் பாக்கி. மொய் நோட்டைப் பார்த்துத்தான் சுண்ணாம்பா பெயிண்டா என்று முடிவெடுக்க வேண்டும். அன்றைக்கு இரவல் வந்த பாத்திரங்களில் பேர் வெட்டியிருந்ததை எல்லாம் கழுவி வீடு சேர்த்துவிட்டேன். பேர் வெட்டாத ஒரு பித்தளை அண்டாவும், காம்பு வளைந்த சாம்பார்க் கரண்டி ஒன்றும் இங்கே நிற்கின்றன. யாருடையதோ, வந்து வாங்கிக்கொள்ளுங்கள். காபி போட்டுத் தருகிறேன்.