காலுறை கொடுத்த அக்காவுக்கு

போன மாதம் இலங்கையின் பழைய தலைநகரான பொலன்னறுவையில், வட்டதாகே என்ற வட்ட வடிவப் புத்த ஆலயத்தின் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுக் கல்லில் கால் வைக்க முடியாமல் துள்ளிக்கொண்டிருந்த அம்மாவைப் பார்த்து, பையிலிருந்து ஒரு ஜோடி காலுறையை எடுத்து நீட்டினீர்களே, அந்த அக்காவுக்கு இந்த நன்றி. உச்சி வெயில். செருப்பைக் கழற்றணும் என்று தெரியும், கல் தோசைக்கல் மாதிரி இருக்கும் என்று யாரும் சொல்லவில்லை.

மட்டக்களப்பு என்று சொன்னீர்கள், பேர் கேட்க மறந்துவிட்டேன். வழிகாட்டி ஆங்கிலத்திலேயே பேசிக்கொண்டு போக, நீங்கள்தான் அம்மாவுக்குக் கூடவே நடந்து தமிழில் சொன்னீர்கள். பக்கத்தில் வேளைக்காரர் என்ற படைவீரர்களின் தமிழ்க் கல்வெட்டைக் காட்டியதும் அம்மா குனிந்து பழைய எழுத்தில் ஒரு 'ன'வைக் கண்டுபிடித்துவிட்டார், முகத்தைப் பார்க்கணுமே! சோழர் கட்டிய வானவன்மாதேவி ஈச்சரத்தில் உங்களோடு சேர்ந்து தேவாரம் வேறு.

அப்புறம் கல் விகாரை, பாறையில் செதுக்கிய புத்தர் சிலைகள். படுத்திருக்கும் புத்தரின் இடது பாதம் லேசாகப் பின்னால் தள்ளி இருக்கிறது, அது தூக்கம் இல்லை, பரிநிர்வாணம், அதாவது புத்தரின் இறுதி மறைவு என்று நீங்கள் காட்டாவிட்டால் நாங்கள் போட்டோ எடுத்துவிட்டு நகர்ந்திருப்போம்.

காலுறை இன்னும் எங்களிடம்தான் இருக்கிறது அக்கா. துவைத்து வைத்திருக்கிறோம்.