சஜல் அலி தொடருக்குக் கை கொடுத்த எல்லாருக்கும்

வணக்கம். சஜல் அலியைப் பற்றி நான் அனுப்பிக்கொண்டிருந்த குரல் பதிவுகள் போன வாரத்தோடு முடிந்துவிட்டன. கேட்டவர்கள் எல்லாம் எனக்கு நன்றி சொல்லி எழுதுகிறீர்கள், சந்தோஷம்தான், ஆனால் அந்த நன்றியை முழுசாக நானே வாங்கிக்கொள்ள மனசு வரவில்லை. இதில் குரல் மட்டும்தான் என்னுடையது. மற்றதெல்லாம் வேறு வேறு ஆட்களின் உழைப்பு, அவர்களில் சிலருக்கு நான் யாரென்றே தெரியாது. அதனால் இந்த மடல்.

புதிதாக வந்தவர்களுக்காக முதலில் கொஞ்சம். சஜல் அலி பாகிஸ்தான் தொலைக்காட்சி நடிகை. 1994 ஜனவரி 17 அன்று லாகூரில் பிறந்தவர். 2009இல் ஜியோ டிவியின் ஒரு நகைச்சுவைத் தொடரில் சின்னதாகத் தலைகாட்டினார், 2011இல் ஏஆர்ஒய் டிஜிட்டலில் வந்த 'மெஹ்மூதாபாத் கி மல்காயேன்' தொடரில்தான் ஊர் அவரைக் கவனித்தது. அப்போது அவருக்கு வயது பதினேழு. 2025 மே மாதம், சஜலின் தொடர்கள் வந்துகொண்டிருந்த ஹம் டிவி, ஏஆர்ஒய், ஹர் பல் ஜியோ ஆகியவற்றின் யூடியூப் சேனல்களை இந்தியாவில் முடக்கிவிட்டார்கள். பஹல்காம் தாக்குதலுக்குப் பிறகு நடந்தது அது, அந்த அரசியலுக்குள் நான் இங்கே போகவில்லை. மதுரையிலும் திருநெல்வேலியிலும் இருக்கும் என் சிநேகிதிகள், "நீ ஷார்ஜாவிலதானே இருக்கே, நீ பார்த்துட்டு எங்களுக்குக் கதையாவது சொல்லு" என்றார்கள். அப்படித் தொடங்கியதுதான் இது.

முதல் நன்றி எங்கள் கட்டடத்தின் மேல்மாடியில் இருக்கும் லாகூர் பாஜிக்கு (பாஜி என்றால் உருதுவில் அக்கா). அவர்கள் இல்லையென்றால் நான் இந்தி தெரிந்த அளவுக்குப் பாதி புரிந்து, மீதியை என் இஷ்டத்துக்கு இட்டுக்கட்டியிருப்பேன். வசனம் புரிவது ஒரு விஷயம், ஒரு வீட்டுக்குள் யார் யாரிடம் எப்படிப் பேசலாம் என்பது வேறு விஷயம். சஜல் நடித்த 'குச் அன்கஹி' தொடரில் அத்தை திடீரென்று எழுந்து, இந்த வீட்டில் எனக்கும் பங்கு உண்டு என்று கேட்கிறாளே, அந்தக் காட்சியைப் பார்த்ததும் நான் அவளை வில்லி என்றுதான் நினைத்தேன். பாஜி தொடரை நிறுத்திவிட்டு அரை மணி நேரம் பேசினார்கள். மகளுக்கும் சொத்தில் பங்கு உண்டு என்று ஷரியத் சொல்கிறது, ஆனால் சகோதரனின் மனம் கோணக்கூடாது என்று அதைக் கேட்காமல் விட்டுக்கொடுத்தவள்தான் நல்ல பெண் என்று ஊர் சொல்கிறது, பஞ்சாபில் எத்தனையோ அத்தைமார்கள் வாயே திறக்காமல் போய்ச் சேர்ந்திருக்கிறார்கள் என்று. நம் ஊரில் மகளுக்கும் சொத்தில் பங்கு கொடுத்த 1989 சட்டத்துக்கு அப்புறமும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த சித்திகளும் அத்தைகளும் எனக்கு ஞாபகம் வந்தார்கள். அந்தப் பதிவுக்குத்தான் உங்களிடமிருந்து அதிகமாகப் பதில் வந்தது. அது பாஜி பேசியது, நான் தமிழில் திருப்பிச் சொன்னேன், அவ்வளவுதான்.

அப்புறம் வாணியம்பாடி நானிமா, பாட்டி என்று அர்த்தம். உருது தாய்மொழி, தமிழ் அதற்குக் கொஞ்சமும் குறையாத மொழி. நான் எழுத்துக்கூட்டிக்கூடப் படிக்கத் தெரியாத உருதுவின் நஸ்தலீக் எழுத்தை அவர்கள் தினத்தந்தி படிப்பதுபோல் படிப்பார்கள். கராச்சியிலிருந்து வரும் மாத இதழ்களை, டைஜஸ்ட் என்பார்கள் அவற்றை, வளைகுடாவில் வேலை பார்த்த கணவர் மூலம் வாங்கி வாங்கிப் படித்தவர். சஜலின் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள இந்த டைஜஸ்ட்களைத் தெரிந்திருக்க வேண்டும் என்பதை நானிமாதான் எனக்குச் சொன்னார். வீட்டில் அடுப்பு வேலை முடித்துவிட்டுப் பெண்கள் எழுத, அதே மாதிரிப் பெண்கள் படித்த கதைகள். பெரிய இலக்கியக்காரர்கள் அதைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள். நம் ஊர் மாத நாவல்களுக்குக் கிடைத்த அதே மரியாதைதான் அங்கேயும். ஆனால் தனியார் சேனல்கள் வந்து கதைக்கு அலைந்தபோது, அந்த எழுத்தாளர்கள்தான் திரைக்கதை எழுத உட்கார்ந்தார்கள். சஜலைப் பெரிய நட்சத்திரம் ஆக்கிய 'யகீன் கா சஃபர்' (2017) ஃபர்ஹத் இஷ்தியாக் எழுதியது. 'அலிஃப்' (2019) உமேரா அஹ்மத் எழுதியது. இரண்டு பேரும் டைஜஸ்ட்களில் எழுதிப் பெயர் வாங்கியவர்கள். அந்த நாட்டில் தொடரின் பெயருக்குப் பக்கத்திலேயே எழுதியவர் பெயரையும் சேர்த்துத்தான் சொல்கிறார்கள், நம் மெகா தொடர்களை எழுதுகிறவர் பெயர் உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும், சொல்லுங்கள். இந்த மாதிரித் தொடர்கள் வாரம் ஒரு நாள்தான் வரும், முப்பது வாரத்தை ஒட்டிக் கதை முடிந்தும் விடும். 'யகீன் கா சஃபர்' மொத்தமே 29 எபிசோட். நடிகைக்கு அதனால் என்ன லாபம் என்றால், ஒரே புடவையில் ஆறு வருஷம் அழுதுகொண்டிருக்க வேண்டியதில்லை. அடுத்த வருஷம் அடுத்த ஆளாகிவிடலாம்.

சஜல் அதை நன்றாகவே பயன்படுத்திக்கொண்டார். 'யகீன் கா சஃபர்' ஸுபியா, அப்பாவின் அடியையும் அம்மாவின் சாவையும் ஊர்ப்பேச்சையும் தாண்டி டாக்டர் ஆகிற பெண், கண்ணை நிமிர்த்திப் பார்க்கவே பயப்படுகிறவள். அதே வருஷம் 'ஓ ரங்ரேஸா'வில் கவிஞர் அப்பாவைத் தெய்வமாக நினைத்துக்கொண்டு, வீட்டில் இருக்கிற அம்மாவை மதிக்காத திமிர் பிடித்த ஸஸ்ஸி. அந்தத் தொடரின் தலைப்புப் பாட்டையும் ஸாஹிர் அலி பக்காவோடு சேர்ந்து அவரே பாடினார். 2018 கடைசியில் தொடங்கிய 'ஆங்கன்' பிரிவினைக் காலத்துக் கதை, கதீஜா மஸ்தூரின் நாவல். அதில் சம்மி, காங்கிரஸ்காரப் பெரியப்பா வீட்டுக்குள்ளேயே நின்றுகொண்டு முஸ்லிம் லீக் கோஷம் போடுகிறவள். தாயில்லாத, தகப்பன் கைவிட்ட பெண் தன்னை யாராவது பார்க்கட்டும் என்பதற்காகப் போடும் சத்தம் அது. நானிமா நாவலையும் படித்திருந்ததால், தொடரில் எங்கே சம்மியைக் கொஞ்சம் இனிப்பாக்கிவிட்டார்கள் என்று கோபத்தோடு சொல்லிக்கொண்டே வந்தார். அந்தக் கோபத்தையும் பதிவில் சேர்த்தேன், யாரும் குறை சொல்லவில்லை.

திருநெல்வேலி டீச்சர் அக்காவுக்கு ஒரு தனி நன்றி, சண்டை போட்டதற்காக. 'குல்-இ-ரானா' (2015) பற்றிய பதிவில் நான் சஜலின் நடிப்பைப் பற்றியே பேசிக்கொண்டு போனேன். அக்கா விடவில்லை. பிடிக்காத பெண்ணை மிரட்டிக் கட்டிக்கொண்டு, பிறகு அவன் திருந்திவிட்டான், இவளுக்கும் காதல் வந்துவிட்டது என்று முடிக்கிற கதையை, நடிகை நன்றாக அழுதாள் என்பதற்காகப் பாராட்டலாமா என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. பாகிஸ்தானிலும் அந்தத் தொடருக்கு இதே விமர்சனம் வந்திருக்கிறது. என் கட்சி இன்னமும் கொஞ்சம் வேறுதான்: அந்த வயதில், குடும்பச் சுமையோடு நடிக்க வந்த பெண்ணிடம் கதையைத் தேர்ந்தெடுக்கிற அதிகாரம் எவ்வளவு இருந்திருக்கும்? 2024இல் வந்த 'ஸர்த் பத்தோன் கா பன்' தொடரைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். முஸ்தஃபா அஃப்ரிதி எழுத்து, ஸைஃபி ஹஸன் இயக்கம், பெண்களுக்குக் கடன் கொடுக்கிற கஷ்ஃப் அறக்கட்டளையும் சேர்ந்து தயாரித்தது. பஞ்சாப் கிராமத்தில் டாக்டருக்குப் படிக்கத் துடிக்கிற மீனு, ஓயாத பிரசவங்களில் உடம்பு ஓய்ந்த பெண்கள், அதைப் பற்றி வாய் திறந்தாலே முறைக்கிற ஆண்கள். ஒப்பனை இல்லாத முகம், உரத்த குரல், தலையில் நழுவிக்கொண்டே இருக்கிற துப்பட்டா. இந்த ஒன்பது வருஷ தூரம்தான் என்னைப் பொறுத்தவரை சஜலின் வாழ்க்கைக் கதை. டீச்சர் அக்கா இதற்கும் பதில் வைத்திருப்பார்கள், காத்திருக்கிறேன்.

கொழும்பிலிருந்து கேட்ட தங்கைக்கும் நன்றி. சஜல் நடித்த 'சின்ஃப்-இ-ஆஹன்' தொடர் பற்றிச் சொல்லும்போது, காகூல் ராணுவ அகாடமியில் பயிற்சிக்கு வரும் பெண்களில் ஒருத்தி இலங்கைக்காரி என்று மட்டும் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டேன். அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் நிஜமாகவே இலங்கைப் பெண், யெஹாலி தாஷியா காளிதாச என்று விவரம் அனுப்பியவர் அவர்தான். அந்தத் தொடர் பாகிஸ்தான் ராணுவத்தின் மக்கள் தொடர்புப் பிரிவோடு சேர்ந்து எடுத்தது, அதனால் ராணுவம் அதில் அழகாகத்தான் இருக்கும், அதை மனசில் வைத்துக்கொண்டே பார்க்க வேண்டும்.

பின்னணி இரைச்சலை எல்லாம் நீக்கிக் கொடுத்த தம்பிக்கு: ஏசி சத்தம், லிஃப்ட் சத்தம், பக்கத்து வீட்டுக் குழந்தை, எல்லாவற்றையும் நீ எங்கே கொண்டுபோய்க் கொட்டினாய் என்று தெரியவில்லை. பிரியாணி பாக்கி இருக்கிறது.

இனி என்னைத் தெரியாதவர்களுக்கு.

ஸ்ரீதேவி அம்மாவுக்கு முதலில். சிவகாசிப் பக்கம் மீனம்பட்டியில் பிறந்த அவர்தான், நம் ஊரில் முக்கால்வாசிப் பேருக்கு சஜலின் முகத்தை முதன்முதலாகக் காட்டியவர். 2017 ஜூலை 7 அன்று வந்த 'மாம்' அவருக்கு முந்நூறாவது படம், தமிழிலும் மொழிமாற்றி வந்தது, இசை ஏ.ஆர்.ரஹ்மான். பாலியல் வன்முறைக்கு ஆளாகும் மகள் ஆர்யாவாக சஜல், சிற்றன்னையாக ஸ்ரீதேவி, அப்பாவாக அத்னான் ஸித்தீக்கி. படம் வெளிவருவதற்குள் 2016 செப்டம்பரில் காஷ்மீரில் உரி தாக்குதல், அதோடு பாகிஸ்தான் கலைஞர்கள் இந்தியாவுக்கு வர முடியாமல் போனது. படம் வெளியானபோது மேடையில் மகளாக நடித்தவரும் இல்லை, கணவராக நடித்தவரும் இல்லை. ஸ்ரீதேவி ஒரு காணொளியில் அவர்கள் இரண்டு பேரின் பெயரையும் சொல்லி நன்றி சொன்னார், சொல்லும்போதே குரல் உடைந்து அழுதுவிட்டார். அந்தச் சமயத்தில் அதைச் சொல்வதற்கு ஒரு துணிச்சல் வேண்டும், பல பேர் பெயரையே முழுங்கிக்கொண்டிருந்த நேரம் அது.

அதே 2017இல், படம் வருவதற்குக் கொஞ்ச மாதங்கள் முன்புதான் சஜலின் அம்மா புற்றுநோயில் இறந்திருந்தார். 2018 பிப்ரவரி 24 அன்று ஸ்ரீதேவி இங்கே துபாயில் இறந்துபோனார். அவரோடு எடுத்த புகைப்படத்தைப் போட்டு, அம்மாவை மறுபடியும் இழந்துவிட்டேன் என்று சஜல் எழுதினார். 'மாம்' படத்துக்காக ஸ்ரீதேவிக்குச் சிறந்த நடிகைக்கான தேசிய விருது வந்தது அதற்குப் பிறகு. இந்தப் பகுதியைப் பதிவு செய்யும்போது லாகூர் பாஜி பக்கத்தில்தான் இருந்தார்கள், தமிழ் ஒரு சொல்கூடத் தெரியாது, ஆனால் எந்த இடம் பேசுகிறேன் என்று தெரிந்துகொண்டு, ஸ்ரீதேவியின் பழைய இந்திப் படங்களை வீடியோ கேசட்டில் அவர்கள் வீட்டில் எத்தனை முறை போட்டார்கள் என்று சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். அதனால்தான் அந்தப் பதிவு அவ்வளவு நீளம்.

உமேரா அஹ்மதுக்கு, 'அலிஃப்' மோமினாவுக்காக. தம்பியின் சிறுநீரகச் சிகிச்சைக்குப் பணம் வேண்டும் என்பதற்காக மட்டுமே நடிக்கிற பெண், ஆடிஷனில் அவமானப்பட்டு வெளியே வருகிறாள். நடிப்பு என்பது அவளுக்குப் புகழுக்கான வழி இல்லை, மருந்துச் சீட்டு. அந்த வேடத்தை சஜல் செய்ததைப் பார்த்தால் கண்ணீரே இல்லாமல் களைப்பை மட்டும் காட்டுகிறார். எனக்கு அதுதான் அவருடைய ஆகச் சிறந்த வேலை. 'ஆங்கன்' என்று சொல்பவர்களோடு வாதாடத் தயார்.

சஜலின் கல்யாணத்தைப் பற்றி ஏன் பேசவில்லை என்று நிறையப் பேர் கேட்டீர்கள். 'யகீன் கா சஃபர்' ஜோடி அஹத் ரஸா மீருடன் 2020 மார்ச்சில் அபுதாபியில் நிக்காஹ் நடந்தது, பிறகு பிரிந்துவிட்டார்கள். இரண்டு பேரும் காரணம் சொல்லிக்கொண்டு திரியவில்லை, நானும் தோண்டவில்லை. இருவரும் நடித்து, மணமான பின்பு வெளிவந்த 'தூப் கி தீவார்' (2021), எல்லையின் இரண்டு பக்கமும் ராணுவத்தில் அப்பாவை இழந்த ஒரு பையனும் பெண்ணும் பேசிக்கொள்கிற கதை, அதைத் தனிப் பதிவாகப் போட்டிருக்கிறேன், வம்பை விட அது சுவாரசியம்.

சஜல் அலிக்கு இந்த மடல் போய்ச் சேராது. சேர்ந்தாலும் படிக்க முடியாது, லாகூர் பாஜி எப்படியும் உருதுவில் ஒரு பிரதி எழுதி வைத்துக்கொள்ளச் சொல்கிறார்கள், நானிமா எழுதித் தருகிறேன் என்று பேனாவோடு உட்கார்ந்துவிட்டார். அதில் ஒரே ஒரு வரிதான் சேர்க்கச் சொல்லியிருக்கிறேன்: மீனு மாதிரி இன்னும் நாலு பேரைச் செய்யுங்கள்.

அடுத்து ஹஸீனா மோயின் எழுதிய பழைய பிடிவி (பாகிஸ்தான் அரசுத் தொலைக்காட்சி) தொடர்களைப் பற்றிப் பேசலாம் என்று நானிமாவும் பாஜியும் ஒரே குரலாகச் சொல்கிறார்கள். ரம்ஜான் முடிந்ததும் தொடங்குகிறேன். விட்டுப்போன பதிவுகள் வேண்டுமென்றால் இரைச்சல் நீக்கும் தம்பியிடம் கேளுங்கள், எல்லாம் அவனிடம்தான் இருக்கிறது. என்னிடம் கேட்டால் பழசைத்தான் அனுப்புவேன், லிஃப்ட் சத்தத்தோடு.

அன்புடன்,
உங்கள் ஷார்ஜா சிநேகிதி