குண்டு விழாத ஊர்களையும் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போர் என்றாலே உங்கள் முதல் பக்கம் முழுக்க ஏவுகணை, வரைபடம், தலைவர்களின் பேச்சு. எல்லாம் வேண்டியதுதான். ஆனால் போர்க்களத்துக்குச் சம்பந்தமே இல்லாத ஊர்களில் பயம் என்னென்ன வேலை செய்கிறது என்று ஒரு பத்தியாவது எழுதக் கூடாதா?

அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் காலின்ஸ்வில் என்று ஒரு நிலக்கரிச் சுரங்க ஊர். 1918இல், முதல் உலகப் போரில், அமெரிக்காவுக்கு எதிரி ஜெர்மனி; சண்டை நடந்ததோ கடல் தாண்டி, ஐரோப்பாவில். ராபர்ட் ப்ரேகர் என்ற ஜெர்மானியத் தொழிலாளி ஒற்றன், சுரங்கத்துக்கு வெடி வைக்கப் பார்க்கிறான் என்று பேச்சு கிளம்பியது. ஆதாரம் ஒன்றும் கிடையாது. இத்தனைக்கும் அவர் அமெரிக்கக் கடற்படையில் சேரப் போய், ஒரு கண் கண்ணாடிக் கண் என்பதால் திருப்பி அனுப்பப்பட்டவர். ஏப்ரல் 4 இரவு அவரை வெறுங்காலோடு தெருவில் நடத்தினார்கள். போலீஸார் மீட்டு ஒளித்து வைத்தும் கூட்டம் தேடிப் பிடித்துவிட்டது. நள்ளிரவுக்குப் பின் ஊருக்கு வெளியே ஒரு மரத்தில் தூக்கிலிட்டார்கள். அதற்கு முன், ஜெர்மனியில் இருந்த பெற்றோருக்கு நாலு வரி எழுத மட்டும் விட்டார்கள். வழக்கு நடந்தது 11 பேர் மீது. அத்தனை பேரும் விடுதலை.

பெரிய நகரமாக இருந்தால் கூட்டத்தோடு கூட்டமாகக் கலந்துவிடலாம். சின்ன ஊரில் அது நடக்காது. எந்த வீட்டில் யார், எந்த ஊர்க்காரர், என்ன பாஷை பேசுகிறார் என்பதெல்லாம் எல்லோருக்கும் அத்துபடி. சாதாரண நாளில் கைகொடுக்கிற அதே பழக்கம், பயம் வந்தால் காட்டிக்கொடுக்கிறது.

பயம் மனிதர்களோடு நிற்பதும் இல்லை. 1939 செப்டம்பரில் போர் அறிவிப்பு வந்த சில நாட்களுக்குள் லண்டன்வாசிகள் லட்சக்கணக்கான நாய், பூனைகளைத் தாங்களே கொண்டுபோய்க் கொல்லக் கொடுத்தார்கள். அந்நகரின் மீது தொடர் குண்டுவீச்சு தொடங்கியதோ அடுத்த ஆண்டு செப்டம்பரில்தான்! அவர்களைக் கொடியவர்கள் என்று நான் சொல்ல மாட்டேன். பதறிப்போனவர்கள், அவ்வளவுதான்.

சரி, பத்திரிகை இதில் என்ன செய்ய முடியும் என்று கேட்பீர்கள். 'சந்தேக நபர் சிக்கினார்' என்று பெரிய எழுத்தில் போடுகிறீர்கள். அவர்மேல் தவறில்லை என்று விசாரணையில் தெரிந்தபின், உள்பக்க மூலையில் இரண்டு வரி. அதையும் முதல் பக்கத்தில், அதே அளவு எழுத்தில் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்